தனிப்பாடலுக்கு வீடியோ எடுக்கிறேன்: லேபிளின் நிபந்தனைகளில் எதை ஏற்பது, எதை மறுப்பது?

கேள்வி கேட்டவர்: நிழல்வரி

அனைவருக்கும் வணக்கம். திரைப்படங்களில் உதவி இயக்குநராகப் பணியாற்றி வந்த எனக்கு, முதன்முறையாகத் தனியாக ஒரு மியூசிக் வீடியோவை இயக்கும் வாய்ப்பு வந்திருக்கிறது. எந்தப் படத்தையும் சேராத தனிப்பாடல் அது. இசையமைத்தவர் என் நண்பர். கோயம்பேடு பூச்சந்தையில் விடியுமுன் பூ வாங்கி, பேருந்தில் உட்கார்ந்தபடியே தொடுத்துக்கொண்டு வந்து தன் தெருவில் விற்கும் ஒரு பெண், வீட்டில் தூங்கிக்கொண்டிருக்கும் மகளை நினைத்துப் பாடும் தாலாட்டு. நான்கு நிமிடத்துக்குச் சற்றுக் கூடுதலான நீளம். தாளக்கருவி என்று பார்த்தால் இரண்டாம் சரணத்தில்தான் நுழைகிறது.

பாடலைக் கேட்ட ஓர் இசை நிறுவனம் (லேபிள்) அதை வெளியிட முன்வந்து, வீடியோவுக்கு 4 லட்சம் ரூபாய் ஒதுக்கியுள்ளது. நிபந்தனைகள்தாம் என்னைக் குழப்புகின்றன. முதல் 15 நொடிக்குள் பார்ப்பவர்கள் திரும்பச் செய்துபார்க்கக்கூடிய ஒரு ஹூக் ஸ்டெப் வரவேண்டும். இன்ஸ்டாகிராமில் அறிமுகமான முகம் ஒன்று நடிக்கவேண்டும், அவருக்கான சம்பளமும் இந்த 4 லட்சத்துக்குள்தான். ரீல்ஸுக்கென்று செங்குத்து வடிவிலும் எடிட் செய்த ஒரு பதிப்பு (வெட்டு) கொடுக்கவேண்டும். வீடியோவின் முழு உரிமையும் நிறுவனத்துக்கே. இதற்கு ஈடாக விளம்பரச் செலவை அவர்கள் பார்த்துக்கொள்வதாகச் சொல்கிறார்கள். தாலாட்டுக்கு எதற்கு ஹூக் ஸ்டெப் என்று நண்பர் கொதிக்கிறார். எனக்கோ முதல் வாய்ப்பை இழந்துவிடுவோமோ என்ற தயக்கமும் இருக்கிறது.

இத்தகைய நிபந்தனைகள் இத்துறையில் வழக்கமானவைதாமா, இந்தத் தொகைக்குள் மானமாக ஒரு படைப்பைச் செய்ய முடியுமா, ஒப்பந்தத்தில் கையெழுத்திடும் முன் எதையெல்லாம் கேட்டுப் பெறவேண்டும் என்பவற்றை அனுபவமுள்ளவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

பதில்: விளம்பரப்படக்காரன்

நிபந்தனைகள் வழக்கமானவைதாம். அவற்றின் மீது கோபப்படுவதற்கு முன், அவை ஏன் வருகின்றன என்பதைப் பார்த்துவிடுவது நல்லது.

மியூசிக் வீடியோ என்பது தொடக்கத்திலிருந்தே சொந்த வருமானம் இல்லாத பிள்ளையாகத்தான் வளர்ந்திருக்கிறது. 1981 ஆகஸ்டில் எம்டிவி என்ற இசைத் தொலைக்காட்சி அமெரிக்காவில் ஒளிபரப்பைத் தொடங்கியபோது, இசைத்தட்டு விற்கும் நிறுவனங்கள் தங்கள் செலவில் வீடியோ எடுத்துக் கொடுத்தன. தொலைக்காட்சி அதை இலவசமாக ஒளிபரப்பியது. தட்டு விற்றால்தான் போட்ட பணம் திரும்பும். அந்தச் செலவில் ஒரு பகுதியை, பெரும்பாலும் பாதியை, கலைஞரின் ராயல்டியிலிருந்தே பிடித்துக்கொள்ளும் வழக்கமும் அப்போதே ஒப்பந்தங்களில் வேரூன்றிவிட்டது. மைக்கேல் ஜாக்சனின் ‘திரில்லர்’ வீடியோவை 1983-இல் ஜான் லாண்டிஸ் எடுக்க முனைந்தபோது, ஆல்பம் ஏற்கெனவே நன்றாக விற்று முடிந்த நிலையில் இன்னொரு வீடியோவுக்குப் பெருந்தொகை செலவிட நிறுவனத்துக்கு விருப்பமில்லை. எம்டிவிக்கோ வீடியோவுக்குப் பணம் தருவதில்லை என்ற கொள்கை. எனவே அந்த வீடியோ எடுக்கப்படும் விதத்தையே ஓர் ஆவணப்படமாக்கி, அதன் ஒளிபரப்பு உரிமையை எம்டிவிக்கும் ஷோடைம் அலைவரிசைக்கும் விற்று, அந்தப் பணத்தில் பதினான்கு நிமிடக் குறும்படம் போன்ற அந்த வீடியோவை எடுத்து முடித்தார்கள். உலகின் மிகப் பெரிய பாடகருக்கே நிலைமை இதுதான் என்றால், 4 லட்ச ரூபாய் தருபவர் அந்தப் பணம் எந்த வழியில் திரும்பும் என்று கேட்பதில் வியப்பில்லை.

நம் ஊரில் இந்த அழுத்தம் இன்னும் கூடுதல். திரைப்படப் பாடலுக்குப் பின்னால் ஒரு நடிகரும், ஒரு வெளியீட்டுத் தேதியும், படத்தின் விளம்பரச் செலவும் நிற்கின்றன. தனிப்பாடலுக்குப் பின்னால் எவரும் இல்லை. 2020 ஜூன் இறுதியில் டிக்டாக் தடைசெய்யப்பட்டு, சில வாரங்களிலேயே இன்ஸ்டாகிராம் ரீல்ஸும், செப்டம்பரில் யூடியூப் ஷார்ட்ஸும் இங்கே நுழைந்த பிறகு, பாடலின் தலையெழுத்தை அதன் ஒரு துண்டு தீர்மானிக்கும் நிலை உறுதிப்பட்டுவிட்டது. லேபிள் கேட்பது நடனத்தை அல்ல. பிறர் எடுத்துத் திரும்பச் செய்யக்கூடிய ஒரு துண்டைத்தான். இந்த இரண்டையும் அவர்கள் ஒன்றாகவே நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். நீங்கள் அப்படி நினைக்கத் தேவையில்லை.

உங்கள் பாடலிலேயே அந்தத் துண்டு இருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. பூத்தொடுப்பவரின் கையை அருகிலிருந்து பார்த்திருப்பீர்கள். வாழைநாரின் ஒரு முனையைக் கால் பெருவிரலிலோ பல்லிலோ பிடித்துக்கொண்டு, இந்தப் பக்கம் இரண்டு, அந்தப் பக்கம் இரண்டு என்று மொட்டுகளை எதிரெதிராக வைத்து, விரலில் நாரைச் சுழற்றி ஒரு கண்ணி போட்டு இழுப்பார். கண் வேறெங்கோ இருக்கும், விரல் நிற்காது. பாடலின் முதல் வரிக்குத் தாளமில்லை என்கிறீர்கள். அந்த விரல்களே தாளமாக இருக்கட்டும். முதல் 15 நொடியில் முகத்தைக்கூடக் காட்டாமல், நாரை இழுக்கும் அசைவு பாடலின் அசைக்குப் பொருந்தும்படி வைத்தால், அது யார் வேண்டுமானாலும் வீட்டில் செய்துபார்க்கக்கூடிய ஒன்றாகிவிடும். பாடலுக்கும் துரோகம் நேராது. லேபிளிடம் “ஸ்டெப் கிடையாது” என்று சொல்லாதீர்கள். “ஸ்டெப் இதுதான்” என்று உங்கள் கைப்பேசியில் எடுத்துக் காட்டுங்கள். மறுப்பைக் கேட்கும் பொறுமை அவர்களுக்கு இருக்காது. மாற்றைக் கண்ணால் பார்த்தால் பெரும்பாலும் ஒத்துக்கொள்வார்கள்.

அறிமுகமான முகத்தின் சம்பளம் மட்டும் வேறு விஷயம். அது வீடியோவின் செலவு அல்ல, விளம்பரச் செலவு. அதை 4 லட்சத்துக்கு வெளியே வைக்கச் சொல்லுங்கள்; இதில் விட்டுக்கொடுக்காதீர்கள். அந்த நபருக்குப் பூத்தொடுக்கத் தெரியாது என்றால் விரல்களுக்கு வேறொருவரை வைத்துக்கொள்ளலாம். விளம்பரப் படங்களில் கைக்கென்று தனியாக ஆள் வைப்பது அன்றாட வழக்கம்.

பதில்: ஒளிமானி

மேலே நண்பர் சொன்னதில் பெரும்பகுதியை ஏற்கிறேன். ஆயினும் “ஒரு நல்ல யோசனை போதும், பணம் தானாகக் குறையும்” என்ற எண்ணம் உங்களுக்கு வந்துவிடக்கூடாது என்பதற்காக இதை எழுதுகிறேன்.

குறைந்த செலவு வீடியோ என்றாலே எல்லோரும் ஓகே கோ என்ற அமெரிக்கக் குழு 2006-இல் ஓட்டப்பயிற்சி எந்திரங்களின் மேல் ஆடியதை எடுத்துக்காட்டுவார்கள். ஒரே ஷாட், அசையாத கேமரா, பாடகரின் சகோதரியே இயக்குநர். அதில் திரையில் தெரியாத செலவு ஒன்று உண்டு: நால்வரும் நாள்கணக்கில் ஒத்திகை பார்த்த உழைப்பு. சம்பளம் கேட்காத குழுவாக இருந்ததால் அது கணக்கில் வரவில்லை. அதே குழு 2010-இல் பொருள்கள் ஒன்றையொன்று தள்ளிவிட்டு ஓடும் பெரிய எந்திரத்தை வைத்து வீடியோ எடுத்தபோது, ஸ்டேட் ஃபார்ம் என்ற காப்பீட்டு நிறுவனம் பணம் கொடுத்தது. தொடக்கத்தில் வரும் பொம்மை லாரியில் அதன் பெயர் இருக்கும். அந்த ஆண்டே அவர்கள் தங்கள் லேபிளைவிட்டும் விலகினார்கள். வீடியோவைப் பிறர் தம் தளங்களில் பதித்துக்கொள்ள முடியாதபடி லேபிள் தடுத்துவைத்திருந்ததுதான் அவர்களுக்கிடையே மூண்ட பெரிய பூசல். யூடியூப் பக்கத்திலேயே பார்த்தால்தான் லேபிளுக்குப் பணம் வந்தது. குழுவுக்கோ பாடல் ஊரெல்லாம் பரவவேண்டியிருந்தது.

இனி உங்கள் 4 லட்சத்துக்கு வருவோம். முதலில், அது ஜிஎஸ்டி சேர்த்தா, சேர்க்காமலா என்று கேளுங்கள். சேர்த்து என்றால், நீங்கள் எந்த நிறுவனத்தின் பெயரில் பில் போடுகிறீர்களோ அது பதிவு பெற்றிருந்தால், 18 சதவீத வரி அதற்குள்ளிருந்தே போய்விடும். பலர் இதைப் படப்பிடிப்பு முடிந்த பிறகுதான் உணர்கிறார்கள். மீதியில் பாதிக்கு மேல் படப்பிடிப்பு நாளிலேயே கரைந்துவிடும்: கேமரா, லென்ஸ், யூனிட் வண்டி, லைட்மேன்களின் பேட்டா, சாப்பாடு. எனவே ஒரு கால்ஷீட்டுக்கு மேல் யோசிக்காதீர்கள். இரவு இரண்டு மணிக்குச் சந்தையில் தொடங்கி, விடியற்காலைப் பேருந்தை முடித்துக்கொண்டு, காலை வெயில் ஏறுமுன் தெருவில் முடித்துவிடலாம். கதையின் வரிசையே படப்பிடிப்பின் வரிசையாக அமைவது உங்கள் அதிர்ஷ்டம். சந்தை வளாகத்துக்குள் எடுக்க அங்குள்ள நிர்வாகக் குழுவின் அனுமதியை முன்கூட்டியே எழுத்தில் வாங்குங்கள். பேருந்துக்கு, ஓடும் மாநகரப் பேருந்தை நம்பாமல், பழைய தனியார் வண்டி ஒன்றை அமர்த்திக்கொள்வது மலிவு.

ஜெனரேட்டரைத் தவிர்க்க முடிந்தால் பெரிய மிச்சம். பூச்சந்தையில் கடைகளின் விளக்கு வெளிச்சமே அழகாக இருக்கும். இன்றைய கேமராக்களுக்கு அது போதும். ஆனால் ஒரு எச்சரிக்கை: நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் பழைய குழல் விளக்குகள் நொடிக்கு 100 முறை துடிக்கும். நொடிக்கு 24 ஃபிரேமில் எடுக்கும்போது ஷட்டர் கோணத்தை (ஒவ்வொரு ஃபிரேமிலும் ஒளி விழும் நேரத்தைத் தீர்மானிக்கும் அமைப்பு) வழக்கமான 180-இல் விடாமல் 172.8-இல் வைத்தால் ஒரு ஃபிரேமில் ஒளி விழும் நேரம் நொடியில் ஐம்பதில் ஒரு பங்காகி, துடிப்பு தெரியாது. மலிவான எல்இடிகள் சில இந்தக் கணக்குக்கும் அடங்குவதில்லை. ஆகவே ஒருநாள் முன்னதாகவே போய், அதே கேமராவில் சோதித்துவிடுங்கள்.

பாடும் முகத்தை ஸ்லோமோஷனில் காட்ட ஆசைப்படுவீர்கள். அதற்குப் பாடலை ஸ்பீக்கரில் இரட்டை வேகத்தில் ஒலிக்கவிட்டு, 48 ஃபிரேமில் எடுக்கவேண்டும். எடிட்டில் அதை 24-இல் ஓடவிடும்போது உடலும் துணியும் மெதுவாக அசைய, உதடு மட்டும் பாடலோடு சரியாகப் பொருந்தும். அதே 172.8 கோணம் 48 ஃபிரேமில் நொடியில் நூறில் ஒரு பங்காவதால் விளக்குத் துடிப்பும் தொல்லை தராது. வேகமான குத்துப்பாடலில் இரட்டை வேகத்துக்கு வாயசைக்க நடிகர்கள் திணறுவார்கள். உங்களுடையது தாலாட்டு, எளிதில் எட்டும். இரட்டை வேக ஒலிக்கோப்பை இசையமைப்பாளரிடம் முன்னரே வாங்கி, நடிப்பவருக்கு அனுப்பிப் பழகச் சொல்லுங்கள். சந்தையின் இரைச்சலில் ஸ்பீக்கர் ஒலி எட்டாது என்பதால், தலைமுடிக்குள் மறையும்படி ஒரு சிறிய இயர்பட்ஸும் தேவைப்படும்.

பதில்: ஷரத்து

ஒப்பந்தத்தைப் பற்றி மட்டும் எழுதுகிறேன். இசை, வீடியோ உரிமைகள் தொடர்பான ஆவணங்களைத் தயாரிப்பது என் தொழில். இது பொதுவான விளக்கமே, உங்கள் ஆவணத்தை ஒரு வழக்கறிஞரிடம் கட்டாயம் காட்டிவிடுங்கள்.

இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் பார்வையில் மியூசிக் வீடியோவும் ஒரு திரைப்படமே. அதன் ஆசிரியர் என்று சட்டம் கருதுவது தயாரிப்பாளரை, இயக்குநரை அல்ல. மேலும், பணம் கொடுத்து ஒருவர் எடுக்கச் சொன்ன படத்துக்கு, மாற்று ஒப்பந்தம் இல்லாத பட்சத்தில் அவரே முதல் உரிமையாளர் என்று 17-ஆம் பிரிவு சொல்கிறது. ஆகவே “முழு உரிமையும் நிறுவனத்துக்கு” என்பது அவர்கள் உங்களிடமிருந்து பறித்துக்கொள்ளும் புதிய ஒன்று அல்ல. எதுவும் எழுதாமல் விட்டாலும் ஏறத்தாழ அதுவே நேரும். இயக்குநருக்குப் பிற்கால வருமானத்தில் பங்கு என்பது நம் சட்டத்தில் தானாகக் கிடைப்பதில்லை. உங்களுக்கு வரவேண்டியதைக் கட்டணமாக இப்போதே கேளுங்கள். பட்ஜெட்டில் மிஞ்சுவதுதான் இயக்குநருக்கு என்ற ஏற்பாட்டை ஏற்காதீர்கள், ஏனெனில் எப்போதுமே எதுவும் மிஞ்சாது.

உங்கள் நண்பரின் நிலை வேறு. 2012 திருத்தத்துக்குப் பிறகு, பாடலாசிரியரும் இசையமைப்பாளரும் தங்கள் ராயல்டி உரிமையை நிறுவனத்துக்கு எழுதிக்கொடுக்கவே முடியாது. திரையரங்கில் படத்தோடு சேர்த்துக் காட்டுவதைத் தவிர்த்த பிற பயன்பாடுகளுக்கு, உரிமையைப் பெற்றவரோடு சமமாகப் பங்கிட்டுக்கொள்ளும் உரிமை அவர்களுக்கு உண்டு. வாரிசுகளுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ மட்டுமே அதை மாற்றித்தரலாம். அதை விட்டுக்கொடுப்பதாக ஒரு வாசகம் ஆவணத்தில் இருந்தால் அது செல்லாது என்றாலும், இருக்கவிடாமல் அடித்துவிடுவதே நல்லது. உங்கள் நண்பரும் பாடல் எழுதியவரும் பாடலாசிரியர்கள், இசையமைப்பாளர்களுக்கான பதிப்புரிமைச் சங்கமான ஐபிஆர்எஸ்ஸில் உறுப்பினராகி, பாடலைப் பதிவு செய்துவிட்டார்களா என்று பாருங்கள். பாட்டைப் பாடியவருக்கும் நிகழ்த்துநர் என்ற முறையில் தனி ராயல்டி உரிமை இருக்கிறது. அவரை எல்லோரும் மறந்துவிடுகிறார்கள்.

19-ஆம் பிரிவை நண்பரை ஒருமுறை படிக்கச் சொல்லுங்கள். உரிமை மாற்றத்துக்குக் காலம் குறிப்பிடப்படாவிட்டால் அது 5 ஆண்டுகள் என்றும், எல்லை குறிப்பிடப்படாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும் என்றும் சட்டம் கொள்ளும். அதனால்தான் நிறுவனத்தின் படிவங்களில் “நிரந்தரமாக, உலகம் முழுவதும்” என்ற சொற்கள் தவறாமல் இருக்கும். உரிமையைப் பெற்றவர் ஓராண்டுக்குள் அதைப் பயன்படுத்தாவிட்டால் அது காலாவதியாகும் என்ற விதியும் அதே பிரிவில் உண்டு. அதையும் விலக்கி வைக்கும் வாசகத்தைப் பல படிவங்களில் பார்த்திருக்கிறேன். பாடலை வாங்கி அலமாரியில் போட்டுவிடும் வழக்கம் இத்துறையில் இருப்பதால், இந்த ஒரு வரிக்காக மட்டுமாவது வாதாடுங்கள்: குறிப்பிட்ட தேதிக்குள் வெளியிடாவிட்டால் பாடலும் வீடியோவும் உங்களிடம் திரும்பவேண்டும்.

அடுத்து, “விளம்பரச் செலவை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்” என்ற வாய்மொழி. எவ்வளவு, எங்கே, எந்தக் காலத்தில் என்று எழுத்தில் இல்லாவிட்டால் அதற்குப் பொருளே இல்லை. அந்தப் பணம் வெறும் பார்வை எண்ணிக்கையை வாங்கப் போகிறதா என்பதையும் கேளுங்கள். 2019 ஜூலையில் ராப் பாடகர் பாட்ஷாவின் ‘பாகல்’ என்ற இந்திப் பாடல் 24 மணி நேரத்தில் 7.5 கோடி பார்வைகள் பெற்றதாக அறிவிக்கப்பட்டது. விளம்பரமாக ஓடியதும் அதில் அடக்கம் என்ற சர்ச்சை எழ, யூடியூப் அதைச் சாதனையாக அறிவிக்கவில்லை. அந்த ஆண்டு செப்டம்பரில், விளம்பரம் வழி வரும் பார்வைகளைத் தன் இசைப் பட்டியல்களிலும் 24 மணி நேரச் சாதனைகளிலும் சேர்க்கப் போவதில்லை என்று விதியை மாற்றியது. ஆயினும் வீடியோவுக்குக் கீழே தெரியும் எண்ணிக்கையைப் பெருக்கிக் காட்டும் ஆசை இன்னும் ஓயவில்லை. அப்படி வந்தவர்கள் ஐந்து நொடியில் தாண்டிப் போய்விடுவார்கள். அடுத்த பாடலுக்கு ஒருவரும் திரும்பி வரமாட்டார்கள்.

இறுதி வெட்டைத் தீர்மானிப்பவர் யார், எத்தனை முறை திருத்தம் கேட்கலாம் என்பதையும் எழுதிக்கொள்ளுங்கள். இரண்டு முறைக்கு மேல் திருத்தம் என்றால் எடிட்டருக்கும் நிறங்களைச் சீராக்கும் டிஐ வேலைக்கும் தனிக்கட்டணம் என்று ஒரு வரி இருந்தாலே, நள்ளிரவில் வரும் யோசனைகள் பாதியாகக் குறைந்துவிடும்.

பதில்: சுயேச்சை

இவ்வளவு சிக்கல் எதற்கு? பாடலை நண்பரே, இசைச் செயலிகளுக்குப் பாடலை அனுப்பும் ஒரு விநியோகத் தளத்தின் மூலம் வெளியிட்டு, வீடியோவை அவருடைய யூடியூப் சேனலில் போட்டுவிடலாமே. உரிமை முழுவதும் கையிலேயே இருக்கும். எழுத்துகள் மட்டும் ஓடும் லிரிக்கல் வீடியோ ஒன்றைச் சிறுதொகையில் முதலில் விட்டுப் பார்த்து, வரவேற்பு இருந்தால் முழு வீடியோவைப் பிறகு எடுக்கலாம்.

பதில்: விளம்பரப்படக்காரன்

உரிமை கையில் இருக்கும் என்பது உண்மைதான். ஆனால் அந்த 4 லட்சத்தை நண்பர் தம் சேமிப்பிலிருந்து எடுக்கவேண்டியிருக்கும். புதிய சேனல் ஒன்று 1,000 சந்தாதாரர்கள், 4,000 மணி நேரப் பார்வை போன்ற வரம்புகளை எட்டும்வரை யூடியூபின் விளம்பர வருமானத்தில் பங்கும் கிடைக்காது. முதலில் மலிவாக வெளியிட்டுவிட்டுப் பிறகு பெரிதாக எடுக்கலாம் என்ற யோசனையை நான் இகழவில்லை. நார்வே நாட்டு ஆ-ஹா குழுவின் ‘டேக் ஆன் மீ’ பாடலுக்குச் சாதாரணமாக எடுத்த முதல் வீடியோ எடுபடாமல் போய், 1985-இல் ஸ்டீவ் பேரன் பென்சில் ஓவியங்களைக் கலந்து எடுத்த இரண்டாவது வீடியோதான் அதை அமெரிக்காவில் முதலிடத்துக்குக் கொண்டுபோனது. ஏறத்தாழ 3,000 ஃபிரேம்களுக்குக் கையாலேயே வரைய 16 வாரங்கள் ஆயின. அந்த இரண்டாவது வாய்ப்புக்குப் பணம் கொடுக்க ஒரு பெரிய நிறுவனம் பின்னால் இருந்தது என்பதையும் சேர்த்தே சொல்லவேண்டும்.

கேள்வி கேட்டவர்: நிழல்வரி

விரிவாக எழுதிய அனைவருக்கும் நன்றி. விரல் அசைவைக் கைப்பேசியில் எடுத்து அனுப்பினேன், லேபிளில் ஏற்றுக்கொண்டார்கள். நடிப்பவரின் சம்பளத்தைத் தனியாகத் தரவும் இசைந்துள்ளனர். வெளியீட்டுத் தேதி பற்றிய வாசகத்துக்கு இன்னும் பிடிகொடுக்கவில்லை. அது இல்லாமல் கையெழுத்திடுவதில்லை என்று நண்பரும் நானும் முடிவு செய்திருக்கிறோம். ஒரு சந்தேகம் மட்டும் மீதமிருக்கிறது: செங்குத்து வெட்டுக்காக ஒவ்வொரு ஷாட்டையும் இருமுறை எடுக்கவேண்டுமா? ஒரு கால்ஷீட்டில் அது சாத்தியமாகத் தெரியவில்லை.

பதில்: ஒளிமானி

தேவையில்லை. 3840க்கு 2160 என்ற 4கே அளவில் எடுத்தால், அதன் நடுவிலிருந்து செங்குத்தாக வெட்டும்போது 1215க்கு 2160 கிடைக்கும். ரீல்ஸுக்குத் தேவையான 1080க்கு 1920-ஐவிட அது கூடுதலே. மானிட்டரில் 9:16 கோடுகளைப் போட்டுவைத்து, விரல்களும் முகமும் அந்தக் கோட்டுக்குள் இருக்குமாறு பார்த்துக்கொள்ளுங்கள். பேருந்தின் நீளவாக்கு ஷாட்டும் சந்தையின் அகலமான ஷாட்டும் மட்டும் அதில் அடங்காது. அந்த இரண்டுக்கும், நேரம் இருந்தால், கேமராவைத் திருப்பி ஒவ்வொரு டேக் எடுத்துக்கொள்ளுங்கள்; இல்லையென்றால் செங்குத்து வெட்டில் அவை இல்லாமலே எடிட்டர் சமாளித்துவிடுவார். மேலேயும் கீழேயும் வரிகளும் பொத்தான்களும் வந்து மறைக்கும் என்பதால், விரல்களைத் திரையின் அடிப்பகுதியில் வைக்காமல் நடுவில் வையுங்கள்.